ஒன்று கூட்டி, ஒன்று குறைத்து

பெரியக்கா, முதலில் இதைக் கேட்டுக்கொள். பொட்டலத்துக்கு ஒன்றும் ஆகவில்லை. அவளைப் பள்ளியை விட்டு அனுப்பவில்லை. அவள் யாரையும் அடிக்கவில்லை, எதையும் எடுக்கவில்லை. நேற்று சின்னக்கா உனக்குப் போன் போட்டு, "ஸ்கூல்ல கூப்பிட்டு விட்டிருக்காங்க, இவ பார்த்து எழுதுறாளாம்" என்று பாதியைச் சொல்லி, மீதியைச் சொல்வதற்குள் அழுது, அதற்குள் அவளுடைய இடைவேளையும் முடிந்து போனை வைத்துவிட்டாள். அதிலிருந்து நீ என் போனை விடாமல் அடித்துக்கொண்டிருக்கிறாய். ஹோட்டல் சலவை அறையில் வேலை நேரத்தில் போனை எடுத்தால் மேற்பார்வையாளர் பார்க்கிற பார்வையே போதும், வேலை போன மாதிரி இருக்கும். இப்போது அவர் சாப்பிடப் போயிருக்கிறார். மெஷின்கள் சுற்றுகின்றன. நான் பேசப் பேச போன் எழுதிக்கொள்கிறது. வீட்டில் எல்லோரையும் உட்காரவைத்து நீயே படித்துக் காட்டிவிடு. திரும்பத் திரும்ப ஒவ்வொருவருக்கும் சொல்ல எனக்குத் தெம்பு இல்லை.

விஷயம் வகுத்தல் கணக்கு. சிரிக்காதே.

இங்கே நான்காம் வகுப்பில் கணக்கைக் கதை மாதிரி கேட்கிறார்கள். இத்தனை நாற்காலி இருக்கிறது, ஒரு வரிசைக்கு இத்தனை போடலாம், ஏறக்குறைய எத்தனை வரிசை வரும் என்று. முழுசாக வகுக்க வேண்டாம். கதையில் வரும் எண்களைப் பக்கத்தில் இருக்கிற லேசான எண்களாக மாற்றிக்கொண்டு, ஈவு சுமாராக எவ்வளவு வரும் என்று மனசுக்குள்ளேயே பார்த்துச் சொன்னால் போதும். நம் பள்ளியில் நமக்கு இந்தச் சலுகையெல்லாம் ஏது. நமக்கு ஒரே விடை. மீதி வந்தால் அதையும் எழுதி, அடியில் இரண்டு கோடு போட வேண்டும். அந்த இரண்டு கோட்டை விட்டதற்கு நீ வாங்கிய குட்டு எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது. உனக்கு விழுந்தது, எனக்கு வலித்தது.

பொட்டலம் நம் வீட்டுப் பிள்ளை. பிறந்த அன்று துணியில் சுற்றிக் கொடுத்ததைப் பார்த்து நீ வைத்த பெயர், இன்றைக்கும் சின்னக்கா கோபம் வந்தால்தான் அவளை உண்மையான பெயரில் கூப்பிடுகிறாள். அத்தான் லாரியை எடுத்துக்கொண்டு போகாத நாட்களில் அவளைப் பக்கத்தில் உட்காரவைத்து வகுத்தலைக் கரைத்துப் புகட்டியிருக்கிறார். எவ்வளவு பெரிய எண்ணைக் கொடுத்தாலும் படிப்படியாக இறங்கி, மீதியை அடியில் கொண்டுவந்து நிறுத்திவிட்டுத்தான் மூச்சு விடுவாள்.

இந்த ஏறக்குறையக் கணக்கு வகுப்பில் ஆரம்பித்த புதிதில், முதல் கணக்கு நாற்காலிக் கணக்குதான். இருநூற்று எழுபத்தாறு நாற்காலி, வரிசைக்கு முப்பத்தொன்பது. நம்மவள் சுத்தமாக வகுத்து, ஈவு ஏழு, மீதி மூன்று என்று எழுதி, இரண்டு கோடும் போட்டுக் கொடுத்திருக்கிறாள். டீச்சர் அதைச் சுற்றி ஒரு வட்டம் போட்டு, இது வேண்டாம் என்று சொல்லித் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். முழுசாக வகுக்க வேண்டாம் என்ற அர்த்தத்தில்தான் சொன்னார்கள். ஆனால் இவள் அன்று வீட்டுக்கு வந்து அப்பாவிடம் கேட்ட கேள்வி, "சரியா போட்டா ஏன்ப்பா வேண்டாங்கறாங்க?"

அத்தான் அப்போது ஷூவைக் கழற்றிக்கொண்டிருந்தார். அவருக்கு எதையும் நேராகச் சொல்லி வழக்கமில்லை, உனக்குத்தான் தெரியுமே. "சரியான விடை தப்புன்னா, தப்பான விடைதான் சரி போல. போ, ஒண்ணு கூட்டிப் போட்டுட்டு வா" என்றார். நான் அடுப்படியில் நின்று சிரித்தேன். சின்னக்காவும் சிரித்தாள். பொட்டலம் சிரிக்கவில்லை. அதை அன்றைக்கு யாரும் கவனிக்கவில்லை.

இப்போது சுருட்டையைப் பற்றிச் சொல்ல வேண்டும். சுருட்டை என்பது பொட்டலத்தின் பக்கத்து இருக்கைக்காரி. அவள் அம்மா அப்பாவும் வேறு எங்கிருந்தோ வந்தவர்கள்தான், ஆனால் அவள் இங்கேயே பிறந்தவள். தலை முழுவதும் கம்பிச் சுருள் மாதிரி முடி. பொட்டலம் இந்தப் பள்ளியில் சேர்ந்த புதிதில் மதியச் சாப்பாட்டு மணி அடித்தால் டப்பாவைத் திறக்காமல் கையில் வைத்துக்கொண்டே சுவரோரம் நின்றுவிட்டு, அப்படியே வீட்டுக்குக் கொண்டுவருவாள். கேட்டால் பசிக்கவில்லை என்பாள். சின்னக்கா அந்த டப்பாவைத் திறந்து பார்த்துவிட்டு, குழாயைத் திறந்துவிட்டு அழுவாள், எங்களுக்குக் கேட்கக் கூடாது என்று. ஒருநாள் டப்பா காலியாக வந்தது. யார் சாப்பிட்டது என்று கேட்டதற்கு, "பாதி நான், பாதி சுருட்டை" என்றாள். அன்றிலிருந்து பள்ளிக்கு ஓட்டம்தான். எங்கள் வீட்டில் சுருட்டை பேச்சு இல்லாமல் ஒரு வேளைச் சாப்பாடு இறங்காது. சுருட்டைக்கு ஒரு பல் ஆடினால் நாங்கள் மூன்று பேரும் கவலைப்பட வேண்டும்.

முந்தாநாள் சாயங்காலம் டீச்சர் சின்னக்காவிடம் போனில் சொன்னது இதுதான். இவர்கள் இரண்டு பேரின் விடையும் எல்லாக் கணக்கிலும் ஒரே மாதிரி இருக்கிறது. சரியாக இருந்து ஒரே மாதிரி இருந்தால்கூடப் பரவாயில்லை, ஒரே மாதிரி விநோதமாக இருக்கிறது. யாரோ யாரையோ பார்த்து எழுதுகிறார்கள். புதிதாக வந்தவள், மொழி கஷ்டமாக இருக்கும், அதனால் உங்கள் பிள்ளையாகத்தான் இருக்கும் என்று நினைக்கிறேன். திட்டப்போவதில்லை, ஆனால் நாளை மறுநாளிலிருந்து இவளை என் மேஜைக்குப் பக்கத்தில் முன்னால் உட்காரவைக்கிறேன், அவளைப் பின்னால் ஜன்னல் ஓரம் வைக்கிறேன். அதற்கு முன் ஒரு தடவை வந்து பேசிவிட்டுப் போங்கள்.

பொட்டலத்துக்கு இதில் முதல் பாதி காதிலேயே ஏறவில்லை. பார்த்து எழுதினாய் என்று சொன்னதற்கு அவள் ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. ஜன்னல் ஓரம் என்றதும் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்துவிட்டாள்.

யார் போவது? சின்னக்காவுக்கு முதியோர் இல்லத்தில் பகல் முறை, மாற்றிக்கொடுக்க ஆளில்லை. அத்தான் லாரியோடு எங்கேயோ இருந்தார். மிச்சம் நான். பெரியக்கா, நீ என்னைப் பயந்தாங்கொள்ளி என்பாய், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் இந்த ஊரில் எனக்கு வாய் பொட்டலம்தான். கடையில், பஸ்ஸில், பல் டாக்டரிடம் எல்லாம் அவள்தான் எனக்காகப் பேசுவாள். மொழியை அவள் தண்ணீர் மாதிரி குடித்துவிட்டாள், நான் இன்னும் தம்ளரையே தேடிக்கொண்டிருக்கிறேன். அவள்மேலேயே புகார் என்றால் அவளையே பேசச் சொல்ல முடியுமா?

சின்னக்கா கிளம்பும்போது என் சட்டைக் காலரைச் சரிபண்ணிவிட்டுச் சொன்னாள், "அங்க போய் எதையும் கூட்டிச் சொல்லாத. குறைச்சும் சொல்லாத. இருக்கறத இருக்கற மாதிரி சொல்லு." அவள் சொன்னதே எனக்குப் பாதி ஜுரத்தைக் கொண்டுவந்துவிட்டது.

நேற்று பள்ளி விட்ட பிறகு நான் போனபோது வகுப்பறையில் டீச்சரும் பொட்டலமும் மட்டும் இருந்தார்கள். ஜன்னல் ஓரமாகக் காகிதக் கப்புகளில் முளைவிட்ட விதைகள், ஒவ்வொரு கப்பிலும் ஒரு பிள்ளையின் பெயர். சுவர் முழுக்கப் பெயின்டில் தோய்த்த கை அச்சு. உட்காரச் சொன்ன நாற்காலி என் முழங்காலுக்குத்தான் வந்தது. உட்கார்ந்ததும் முட்டி இரண்டும் காதுக்குப் பக்கத்தில் வந்துவிட்டன. டீச்சரும் அதே மாதிரி நாற்காலியில் எதிரே உட்கார்ந்தார்கள், அதனால் கொஞ்சம் மானம் தப்பியது. நடுத்தர வயது, சட்டைக் கையில் மார்க்கர் மை, நாளெல்லாம் கத்திக் கட்டிய தொண்டை. எனக்காக மெதுவாக, ஒவ்வொரு சொல்லாகப் பேசினார்கள்.

கெட்டவர் இல்லை, அக்கா. அதைத்தான் நான் முதலில் கண்டுகொண்டேன். இரண்டு பேர் தாளையும் எடுத்துக் காட்டினார்கள். ஏழு வர வேண்டிய இடத்தில் இரண்டு பேரும் எட்டு. பத்து வர வேண்டிய இடத்தில் இரண்டு பேரும் ஒன்பது. இதைச் சொல்லிவிட்டு, பயப்படாமல் சொல்லு, யார் யாரைப் பார்த்து எழுதினது என்று பொட்டலத்திடம் கேட்டார்கள்.

என் வாய் வாயை மூடிக்கொண்டிருந்தது.

கதவில் ஒரு சின்னக் கண்ணாடி. அதில் அவ்வப்போது ஒரு கொத்துச் சுருள் முடி மேலே வந்து, உடனே கீழே போய்க்கொண்டிருந்தது. சுருட்டையின் அப்பா வேலை முடிந்து வர நேரமாகும், அதுவரை அவள் தாழ்வாரத்தில் காத்திருப்பாள். உள்ளே பார்க்க உயரம் போதாமல் குதித்துக்கொண்டிருந்தாள். டீச்சர் கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்ததால் இதை நாங்கள் இரண்டு பேர்தான் பார்த்தோம்.

நான் குனிந்து பொட்டலத்திடம் நம் மொழியில் கேட்டேன், "நீ பார்த்து எழுதினியா?"

"இல்ல."

"அப்ப அதை டீச்சர்கிட்ட சொல்லு."

"நானே போட்டேன்னு சொன்னா, அவதான் பார்த்து எழுதினான்னு ஆயிடும்ல மாமா."

"அவதான் எழுதினாளா?"

அவள் கதவுக் கண்ணாடியைப் பார்த்தாள். முடி மேலே வந்து போனது. "நீங்க அதைச் சொல்லாதீங்க" என்றாள்.

டீச்சர் என்னைப் பார்த்து, என்ன சொல்கிறாள் என்று கேட்டார்கள். எனக்கு முதுகில் வேர்வை ஓடியது. ஒரு பக்கம் சின்னக்கா, கூட்டாதே குறைக்காதே என்று காலரைப் பிடிக்கிறாள். இன்னொரு பக்கம் இவள் என் சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டிருக்கிறாள். இந்த ஊர் மொழியில் எனக்குத் தடங்கலில்லாமல் வருகிற ஒரே நீள வாக்கியம், சலவை அறைப் போனில் சொல்வது: தயவுசெய்து காத்திருங்கள், உங்கள் துணிகள் தயாராகிக்கொண்டிருக்கின்றன. முதல் பாதியைச் சொன்னேன். நல்லவேளை, அதோடு நாக்கு நின்றது.

காத்திருக்கச் சொல்லிவிட்டு என்ன செய்வது? தெரிந்த சொற்களை ஒன்றோடொன்று முட்டவைத்து, கையையும் சேர்த்து ஆட்டி, ஒரு கணக்கு இப்போது கொடுங்கள், பக்கத்தில் யாரும் இல்லை, போடட்டும், பாருங்கள் என்று கேட்டேன். டீச்சர் யோசித்துவிட்டுத் தலையாட்டினார்கள். முந்நூற்று ஐம்பத்தெட்டு மணிகள் இருக்கின்றன, அறுபத்திரண்டு பிள்ளைகள், சமமாகப் பிரித்தால் ஒருவருக்கு ஏறக்குறைய எத்தனை மணி?

பொட்டலம் கண்ணை மூடிக்கொண்டாள். மேஜைக்குக் கீழே அவள் விரல் முழங்காலின்மேல் எழுதுவதை நான் பார்த்தேன். கோடு இழுக்கிறது, பெருக்குகிறது, கழிக்கிறது, சந்தேகம் வந்து அழித்துவிட்டு மறுபடி பெருக்குகிறது. உதடு அசைகிறது. டீச்சர் பொறுமையாகக் காத்திருந்தார்கள். வெளியே யாரோ தரையைத் துடைக்கும் சத்தம் இந்த அறையைத் தாண்டி அடுத்த அறைக்கும் போய்விட்டது. கடைசியில் கண்ணைத் திறந்து, "நாலு" என்றாள்.

டீச்சர் பெருமூச்சு விட்டார்கள். பார்த்தீர்களா என்கிற மாதிரி. ஆறு என்று வர வேண்டும்.

நான் அதற்குள் என் போனில் தட்டிப் பார்த்துவிட்டேன். ஐந்தும் சொச்சமும். எனக்கு ஒன்றும் புரியவில்லை. இவ்வளவு நேரம் முழங்காலில் எழுதினவளுக்கு நாலு எங்கிருந்து வந்தது? அதை அவளிடமே கேட்டேன்.

"சரியா வந்தது அஞ்சு, மாமா. மீதி நாப்பத்தெட்டு."

"அப்புறம் ஏன்டி நாலுன்னு சொன்ன?"

"சரியானதைச் சொல்லக் கூடாதுல்ல. போன கணக்குல ஒண்ணு கூட்டினேன். அதனால இதுல ஒண்ணு குறைச்சேன்." என் முகத்தைப் பார்த்துவிட்டு, "எப்பவும் கூட்டிக்கிட்டே இருந்தா கண்டுபிடிச்சிடுவாங்க" என்றாள்.

பெரியக்கா, நான் அந்தக் குட்டி நாற்காலியிலிருந்து விழாதது ஆச்சரியம். வட்டம் போட்ட அன்றிலிருந்து இந்தப் பிள்ளை ஒவ்வொரு கணக்கையும் மனசுக்குள் முழுசாக, சுத்தமாக வகுத்து, கிடைத்த விடையைக் கையால் கெடுத்து எழுதிக்கொண்டிருக்கிறாள். ஒரு கணக்கில் ஒன்று கூட்டி, அடுத்ததில் ஒன்று குறைத்து. சோறு வடித்து, அதில் மண்ணைப் போட்டுப் பரிமாறுகிற மாதிரி. அதுவும் டீச்சர் அப்படித்தான் கேட்கிறார்கள் என்று நினைத்து, மரியாதைக்காக.

இதை நான் மொழிபெயர்க்க வேண்டும். எப்படி என்று கேட்காதே. ஐந்து விரலைக் காட்டினேன், ஒன்றை மடக்கினேன், நெஞ்சில் கைவைத்து 'சரி' என்றேன், தலையை ஆட்டி 'எழுதக் கூடாது' என்றேன். டீச்சர் புருவத்தைச் சுருக்கிக்கொண்டு என்னையே பார்த்தார்கள். நான் திணறுவதைப் பொட்டலத்தால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. கடையில் நான் சில்லறைக்குத் தடுமாறும்போது குறுக்கே வருவாளே, அதே மாதிரி வந்துவிட்டாள். மடமடவென்று அவர்கள் மொழியிலேயே கொட்டினாள். நாற்காலிக் கணக்கு, ஏழு மீதி மூன்று, வட்டம், அப்பா சொன்னது, எல்லாம்.

 டீச்சர் மார்க்கர் மூடியைத் திறந்து மூடினார்கள். பிறகு பொட்டலத்திடம் சொன்னது எனக்கே முழுசாகப் புரிந்தது, அவ்வளவு மெதுவாகச் சொன்னார்கள். அன்றைக்கு வட்டம் போட்ட பிறகு உன்னைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்காரவைத்து விளக்க வேண்டும் என்று நினைத்தேன். வேறு ஒரு பிள்ளைக்கு மூக்கில் ரத்தம் வந்தது. அதோடு மறந்துபோனேன். உன் விடை தப்பில்லை. நான் கேட்டது வேறு.

அதோடு முடிந்திருந்தால் நிம்மதியாக எழுந்து வந்திருப்பேன். ஆனால் டீச்சர் கணக்கு டீச்சர் ஆயிற்றே. அடுத்த படிக்குத் தானாகவே போய்விட்டார்கள். நீ இப்படிக் கெடுத்து எழுதியது சரி, அப்படியானால் உன் தோழிக்கும் எப்படி அதே எண்கள் வந்தன?

பொட்டலம் தரையைப் பார்த்தாள். அவள் என் வாயாக இருந்த நேரம் முடிந்துவிட்டது. டீச்சர் என் பக்கம் திரும்பினார்கள். எனக்குத் தெரியும், நான் வாயைத் திறந்தால் சுருட்டை ஜன்னல் ஓரத்துக்குப் போவாள், திறக்காவிட்டாலும் போவாள். எப்படியும் ஏதோ சொல்லித்தானே ஆக வேண்டும் என்று நான் தொண்டையைச் செருமினேன். கதவில் டொம் என்று ஒரு சத்தம். குதித்துக்கொண்டிருந்தவள் நெற்றியை இடித்துக்கொண்டுவிட்டாள்.

டீச்சர் எழுந்து கதவைத் திறந்தார்கள். சுருட்டை நெற்றியைத் தேய்த்துக்கொண்டே உள்ளே வந்தாள். எங்களுக்கு வணக்கமும் இல்லை, ஒன்றும் இல்லை. நேராகப் பொட்டலத்தின் பக்கத்தில் போய், தோளோடு தோள் ஒட்டி நின்றுகொண்டு, நாங்கள் இனிமேல் பக்கத்தில் உட்காரலாமா கூடாதா என்று டீச்சரையே கேட்டாள்.

 யார் பார்த்து எழுதியது என்று டீச்சர் கேட்கவில்லை. அதே மணிக் கணக்கைக் கேட்டார்கள். முந்நூற்று ஐம்பத்தெட்டு மணி, அறுபத்திரண்டு பிள்ளைகள்.

சுருட்டை நெற்றியிலிருந்து கையைக்கூட எடுக்கவில்லை. "ஆறு இருக்கும்" என்றாள்.

எப்படி என்று கேட்டதற்கு, இதில் என்ன இருக்கிறது என்கிற மாதிரி சொன்னாள். அது முந்நூற்று அறுபதுக்குப் பக்கம், இது அறுபதுக்குப் பக்கம், ஆறு ஆறு முப்பத்தாறு. அவ்வளவுதான்.

பொட்டலம் அவளைத் திரும்பிப் பார்த்த பார்வையை நீ பார்த்திருக்க வேண்டும். கூட இருப்பவளுக்குப் பறக்கத் தெரியும் என்று அப்போதுதான் தெரிந்த மாதிரி. "மீதியை என்ன பண்ணின?" என்று கேட்டாள்.

"மீதி இருக்கா?" என்றாள் சுருட்டை.

டீச்சர் முட்டி போட்டு அவள் உயரத்துக்கு இறங்கிக் கேட்டார்கள், இவ்வளவு அழகாக வருகிறதே, பிறகு ஏன் வகுப்பில் இதை எழுதவில்லை? சுருட்டை பொட்டலத்தின் கையைப் பார்த்துக்கொண்டே சொன்னதை எனக்காகப் பொட்டலமே மெதுவாகத் தமிழில் சொன்னாள், தானே பேசுகிற மாதிரி.

"இவ எவ்வளவு நேரம் போடுறா தெரியுமா. வேர்த்து வேர்த்துப் போடுறா. நான் ஒரே மூச்சுல சொல்லிடறேன். ஒரே மூச்சுல வர்றது எப்படிச் சரியா இருக்கும்? அதான் என்னதை அழிச்சிட்டு இவளோடதை எழுதினேன்."

சொல்லி முடித்த பிறகுதான் தான் என்ன மொழிபெயர்த்தோம் என்று பொட்டலத்துக்கு உறைத்தது. சொல்லாதீங்க என்று என்னிடம் கெஞ்சியதை அவளே சொல்லிவிட்டாள். ஆனால் சுருட்டைக்கு அதில் ஒரு கவலையும் இல்லை. அவளைப் பொறுத்தவரை அது திருட்டு இல்லை. கஷ்டப்பட்டுப் போட்டவள் விடைக்குக் கொடுத்த மரியாதை.

பார்த்தாயா அக்கா. ஒருத்தி சரியான விடையைக் கெடுத்து எழுதுகிறாள், இன்னொருத்தி சரியான மதிப்பை அழித்துவிட்டு அந்தக் கெட்டதைப் பார்த்து எழுதுகிறாள். இரண்டு பேருமே நல்ல பிள்ளைகளாக இருக்கப் பார்த்திருக்கிறார்கள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. டீச்சருக்கும் அப்படித்தான் இருந்திருக்கும், மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்கள்.

முடிவு இதுதான். ஜன்னல் ஓரம் கிடையாது. ஆனால் பக்கத்தில் பக்கத்திலும் கிடையாது, அதையும் சொல்லிவிட்டார்கள். ஒரே மேஜை, எதிரெதிரே. ஒருத்தி தாள் இன்னொருத்திக்குத் தலைகீழாகத்தான் தெரியும். ஏறக்குறையக் கணக்கு வந்தால் இரண்டு பேரும் பென்சிலைக் கீழே வைத்துவிட்டு வாயால்தான் சொல்ல வேண்டும். முழு வகுத்தல் வந்தால் சுருட்டை முதலில் ஏறக்குறைய மதிப்பைச் சொல்ல வேண்டும், பொட்டலம் வகுத்துக் காட்ட வேண்டும், பிறகு எவ்வளவு பக்கத்தில் வந்தது என்று இரண்டு பேரும் சேர்ந்து பார்க்க வேண்டும். பொட்டலம் எதிரெதிரே என்பதைக் கொஞ்சம் யோசித்தாள். நடுவில் தடுப்பு இருக்குமா என்று கேட்டாள். இருக்காது என்றார்கள். சரி என்றாள்.

வெளியே வந்து பஸ்ஸுக்கு நிற்கும்போதுதான் என் சட்டை நுனியை விட்டாள். அந்த இடம் கசங்கி ஒரு முடிச்சு மாதிரி ஆகிவிட்டிருந்தது.

ராத்திரிச் சாப்பாட்டுக்கு அத்தானும் வந்துவிட்டார். நடந்ததைச் சொன்னேன். அவர் முகம் தொங்கிவிட்டது. "விளையாட்டுக்குச் சொன்னதைப் போய்..." என்று ஆரம்பித்தார்.

"இனிமே இந்த வீட்டுல கணக்கைப் பத்தி நீங்க ஜோக் அடிச்சீங்கன்னா, லாரியிலேயே படுத்துக்குங்க" என்றாள் சின்னக்கா. ஆனால் அவருக்குத்தான் முதலில் சோறு போட்டாள். அவர் பொட்டலத்தைப் பக்கத்தில் இழுத்து, "அப்பா சொன்னா அப்படியே செஞ்சிடுவியா? பல்லு தேய்க்கச் சொன்னா மட்டும் கேக்க மாட்டேங்கற" என்றார். அதற்கு அவள், "அது தினமும் சொல்றீங்க" என்றாள். அப்போதுதான் சின்னக்கா நேற்றைக்கு முதல்முறையாகச் சிரித்தாள். உனக்கு உடனே போன் போட்டிருக்கலாம். ஆனால் சிரித்துக்கொண்டே சாப்பிட்டு, அப்படியே தூங்கிப்போனாள். அவள்மேல் கோபப்படாதே.

இன்றைக்கு மத்தியானம் என் வேலைக்கு முன்னால் நான்தான் போய்ப் பொட்டலத்தைக் கூட்டிவந்தேன். எதிரெதிரே உட்கார்ந்தாயா என்றேன். உட்கார்ந்தாளாம். முதல் கணக்கு, நானூற்று எழுபத்தைந்து செடி, பாத்திக்கு ஐம்பத்தெட்டு. நானூற்று எண்பது, அறுபது, எட்டு என்று மனசுக்குள்ளேயே வந்துவிட்டதாம். வாய்விட்டுச் சொல்லியும் விட்டாளாம்.

"பென்சிலைக் கீழ வச்சியா?"

"வச்சேன். ஆனா கை சும்மா இருக்க மாட்டேங்குது மாமா. அதனால கைமேல உட்கார்ந்துட்டேன்." கொஞ்சதூரம் நடந்துவிட்டு, "வயித்துல ஒரு மாதிரி இருந்துச்சு. சரி பார்க்காம விட்டா அப்படித்தான் இருக்குமா?" என்று கேட்டாள்.

எனக்கு எப்போதும் அப்படித்தான் இருக்கும் என்று சொல்ல வந்து, சொல்லவில்லை.

வீட்டுக்கு வந்ததும் ஷூவைக்கூடக் கழற்றவில்லை. மேஜைக்கு ஓடிப்போய் ஒரு தாளை எடுத்து, நானூற்று எழுபத்தைந்தை ஐம்பத்தெட்டால் முழுசாக வகுத்தாள். எட்டு, மீதி பதினொன்று. அடியில் இரண்டு கோடு போட்டாள். நீ போட மறந்த அதே இரண்டு கோடு. அப்புறம்தான் பசிக்கிறது என்றாள். இதை நான் டீச்சரிடம் சொல்லப்போவதில்லை. நீயும் சின்னக்காவிடம் சொல்லாதே. கொஞ்சம் கொஞ்சமாகப் போகட்டும்.

மேற்பார்வையாளர் சாப்பிட்டுவிட்டு வந்துவிட்டார். இப்போதுதான் கதவோரம் நின்று, இன்றைக்கு விரிப்புகளுக்கு எத்தனை தள்ளுவண்டி வேண்டும் என்று கேட்டார். அவர் எப்போது கேட்டாலும் நான் பொறுங்கள் என்று சொல்லிவிட்டுப் போய் எண்ணுவேன், அவர் மேலே பார்த்து ஒரு மூச்சு விடுவார். இன்றைக்கு அடுக்கைப் பார்த்தேன், ஏறக்குறைய ஆறு என்றேன். தலையாட்டிவிட்டுப் போய்விட்டார். அவர் போன திசையையே பார்த்துக்கொண்டு இதைப் பேசுகிறேன். வயிற்றில் ஒரு மாதிரிதான் இருக்கிறது.

ஒன்று சொல்ல மறந்துவிட்டேன். அவள் சாப்பிடும்போது ஷூவைக் கழற்றிப் பார்த்தால், வலது ஷூவின் முனையில் இன்னொரு ஷூவின் அடித்தடம், அழுக்கு வரிவரியாக. என்ன இது என்று கேட்டேன். மேஜைக்குக் கீழே சுருட்டை மிதித்ததாம். இவள் பென்சிலைக் கையில் எடுக்காமல் விடையைச் சொன்னால் சபாஷுக்குப் பதில் ஒரு மிதி என்று ஒப்பந்தமாம். நான் ஈரத்துணியை எடுத்துக்கொண்டு துடைக்கப் போனேன். வாயில் சோற்றோடு ஓடிவந்து ஷூவைப் பிடுங்கிக்கொண்டாள்.

"இருக்கட்டும் மாமா" என்றாள். "நாளைக்கு எப்படியும் இன்னும் ஏழெட்டு விழும்."